அந்தச் சங்கிலி அல்லிராணியுடையதல்ல

போன மாதம் உங்கள் சுகாதாரக் கந்தோர் விழாவுக்கு என்னையும் கூப்பிட்டிருந்தீர்கள். வந்தேன். மாலை போட்டீர்கள், வடையும் தேத்தண்ணியும் தந்தீர்கள். அதிலெல்லாம் குறையில்லை. பிறகு கண்காட்சி அறைக்குக் கூட்டிப் போனீர்கள். அங்கேதான் எனக்கு விசர் வந்தது.

பழைய தொங்குதராசு ஒன்று, செல்லரித்த பதிவேடு ஒன்று, வெள்ளைச் சேலை கட்டிய கடைப் பொம்மை ஒன்று. அதற்குப் பக்கத்தில், கண்ணாடிப் பெட்டிக்குள், சிவப்புத் துணியின் மேல், ஒரு இரும்புச் சங்கிலியும் ஆமைப்பூட்டும். கீழே அழகான எழுத்தில் ஒரு அட்டை. ‘முற்கால மருத்துவிச்சிகள் சைக்கிளில் தனியே செல்லும்போது தற்காப்புக்காக இடுப்பில் அணிந்த கச்சை. அல்லிராணி காலத்திலிருந்து இப்பகுதியில் வழக்கில் இருந்தது.’

உங்களில் ஒரு பிள்ளை, புதிதாக வேலைக்கு வந்தவள், அதை எடுத்து என் இடுப்பில் பிடித்து வைத்துப் போட்டோ எடுத்தாள். நானும் பல்லைக் காட்டிக்கொண்டு நின்றேன். வீட்டுக்குப் போய் அந்தப் படத்தைப் பார்த்தபோது எனக்கே என்னை அறையவேண்டும் போலிருந்தது.

அந்த அட்டையில் ஒரு சொல்கூட உண்மையில்லை. எனக்கெப்படித் தெரியும் என்றால், அந்தப் பொய்யைச் சொன்னவளே நான்தான். அதனால் நானே திருத்தி எழுதுகிறேன். உங்களுக்குக் கண்காட்சி முக்கியம், எனக்கு நீங்கள் வீடு போய்ச் சேருவது முக்கியம். எனக்கு நயமாக எழுத வராது. பொறுத்துக்கொள்ளுங்கள், இல்லாவிட்டால் வாசிக்காமல் விடுங்கள்.

முதலில் சேலைக் கதை.

நான் குடும்பநல உத்தியோகத்தராக, அதாவது மருத்துவிச்சியாக, முதல் வேலைக்குப் போனது மன்னாரில் தாழ்வுபாட்டுப் பக்கம். உங்களைப் போல ஸ்கூட்டி இல்லை. அரசாங்கம் தந்த சைக்கிள், பொம்பிளைச் சைக்கிள் என்று பெயர், பாரம் மாட்டுவண்டிக்குச் சமம். சங்கிலிக்கு மூடி இருந்தது, மூடிக்கு ஆணி இல்லை. வெள்ளைச் சேலை கட்டிக்கொண்டு அதில் ஏறி ஊரைச் சுற்றவேண்டும். எந்த மகராசன் இந்த இரண்டையும் ஒன்றாகச் சேர்த்தானோ தெரியாது. அவன் ஒருநாளாவது சேலை கட்டிச் சைக்கிள் ஓடியிருக்கமாட்டான்.

ஒரு காலை, றோட்டோரம் கருவாடு காயப் போட்டிருந்த இடத்தில், என் சேலைக் கொசுவம் சைக்கிள் சங்கிலிக்குள் போய்விட்டது. சைக்கிள் நின்றது, நான் நிற்கவில்லை. ஒரு கால் நிலத்தில், மற்றக் கால் சேலையோடு இறுகிப் போய் பெடலில். எதிரே மீன்பெட்டி கட்டிய மோட்டார்சைக்கிள் ஒன்று வருகிறது. நான் என்ன செய்தேன் தெரியுமா? சேலை கிழியக்கூடாது என்று மெல்ல மெல்ல, பல்லு பல்லாக, சங்கிலியைப் பின்னுக்குச் சுற்றிக்கொண்டு நின்றேன். புதுச் சேலை. மோட்டார்சைக்கிள்காரன் என்னை இடிக்காமல் விலத்தி, கருவாட்டுப் பாய்களுக்கு மேலால் ஏறிப்போய் விழுந்தான். மீன் வெட்டிக்கொண்டிருந்த மனுசி ஒருத்தி எழும்பி வந்து, ஒன்றும் பேசாமல், அதே கத்தியால் என் சேலையை முழங்காலோடு அறுத்து விட்டாள். பிறகுதான் பேசத் தொடங்கினாள். அதை இங்கே எழுத முடியாது.

அரைச் சேலையோடு கந்தோருக்குப் போனேன். எனக்கு மேலிருந்த மூத்த மருத்துவிச்சி மிஸி என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, பையில் என்ன இருக்கிறது என்று கேட்டார். பஞ்சு, மருந்து, நூல், கத்தரிக்கோல் என்று வரிசையாகச் சொன்னேன்.

“கொப்பூழ்க்கொடி வெட்டத் தெரியுது. சேலை வெட்டத் தெரியாதோ?” என்றார். “சேலை அரசாங்கம் திரும்பத் தரும் பிள்ளை. கால் தராது.”

அவ்வளவுதான் பாடம். மாட்டிக்கொண்டால் உடுப்பை வெட்டு, யோசிக்காதே. அன்றைக்கே சேலைக் கரையைத் தூக்கி இடுப்பில் செருகிக்கொண்டு ஓடப் பழகினேன். பார்த்தவர்கள் சிரித்தார்கள். கெண்டைக்கால் தெரிகிறதாம். தெரியட்டும். அதுதான் சைக்கிளை ஓட்டுகிற கால்.

இனிச் சங்கிலிக்கு வருகிறேன்.

அந்த இரும்புச் சங்கிலி தற்காப்புக்கு வாங்கினதல்ல, சைக்கிளைப் பூட்ட வாங்கினது. மன்னார் ஆஸ்பத்திரி வாசலில் சைக்கிளை விட்டுவிட்டு உள்ளே போய் வந்தால் சைக்கிள் நிற்கும் என்பது நிச்சயமில்லை. நின்றாலும் ஒரு கழுதை அதில் முதுகு சொறிந்து விழுத்திவிட்டுப் போயிருக்கும். அதனால் சங்கிலியும் ஆமைப்பூட்டும் வாங்கி, மரத்தோடு சேர்த்துப் பூட்டினேன். ஓடும்போது அதை முன்கூடைக்குள் போட்டுவைத்தேன். ஒருநாள் சைக்கிளைப் பூட்டாமல் இரண்டு நிமிடம் கடைக்குள் போனேன். திரும்பி வந்தால் சைக்கிள் நிற்கிறது, பூட்டையும் சங்கிலியையும் காணவில்லை. சைக்கிளை விட்டுவிட்டுப் பூட்டைக் களவெடுத்த கள்ளனை மன்னாரில் மட்டும்தான் பார்க்கலாம். அந்தச் சைக்கிளின் இலட்சணம் அப்படி.

அடுத்த சங்கிலி வாங்கினபோது அதை இடுப்பில் கட்டிக்கொண்டேன். கூடைக்குள் மருந்துப் பை, கரியரில் தராசு, வேறு இடமில்லை. என் உடம்பு அப்போதே இப்போதுள்ள அளவுதான். சங்கிலி ஒரு சுற்று வந்து, முனையோடு முனை சேர்ந்து, பூட்டுப் போடச் சரியாக இருந்தது. செருகின சேலைக் கரையையும் அது இறுக்கிப் பிடித்தது. பூட்டின் திறப்பைக் கழுத்து நூலில் மாட்டிக்கொண்டேன். வரலாறு இவ்வளவுதான். அரசியும் இல்லை, வாளும் இல்லை.

சண்டை முடிந்து சனம் திரும்பக் குடியேறின நேரம் என்னை முசலிப் பக்கம் மாற்றினார்கள். மறிச்சுக்கட்டி வரைக்கும் என் பிரிவு. பாதி றோட்டில் போன் சிக்னல் கிடையாது. இரண்டு பக்கமும் பற்றைக்காடு. ஒரு சந்தியில் தேத்தண்ணிக் கடை, அதன் வாங்குப் பலகையில் எந்நேரமும் நாலைந்து ஆம்பிளைகள். நான் போகும்போதெல்லாம் அவர்களுக்கு என் இடுப்பில்தான் கண்.

ஒருநாள் ஒருவர் கேட்டார். “மிஸி, அது என்ன அரைஞாண்கொடியோ?”

மற்றவர்கள் சிரித்தார்கள். எனக்கு வெயில், பசி, ரயரில் காற்றுக் குறைவு. சைக்கிளை நிறுத்தி, ஒரு காலை ஊன்றிக்கொண்டு சொன்னேன்.

“இது அல்லிராணி கட்டின கச்சை. ராணி தனியக் குதிரையில போகேக்க இதைத்தான் கட்டினவ. தொட்டவன்ர கை முறியும். அவவின்ர திறப்பு முத்துக் குளிச்ச கடலுக்க கிடக்கு. என்ர திறப்பு என்னட்ட இருக்கு.”

அரிப்பு என்ற ஊரின் கடற்கரையில் இடிந்து நிற்கிற செங்கல் கட்டடத்தை எல்லோரும் அல்லிராணி கோட்டை என்றுதான் சொல்வார்கள். உண்மையில் அது முத்துக்குளிப்பைப் பார்க்க ஒரு வெள்ளைக்கார ஆளுநர் கட்டின பங்களா. அங்கே எந்த ராணியும் படுத்ததில்லை, எழும்பினதில்லை. ஆனால் கோட்டை இருந்தால் ராணி இருக்கவேண்டும், ராணி இருந்தால் கச்சை இருக்கவேண்டும். என் கதை அதில் போய் நன்றாகப் பொருந்திவிட்டது. வாங்கில் இருந்தவர்கள் என் இடுப்பிலிருந்து கண்ணை எடுத்தார்கள். எனக்குப் பெருமை தாங்கவில்லை.

ஆறு மாதத்தில் அந்தக் கதை எனக்கு முன்னால் ஊருக்குள் போய் எனக்காகக் காத்திருந்தது. ஒரு வீட்டில், ராணியின் கச்சை ஏழு உலோகத்தில் செய்தது என்று எனக்கே சொன்னார்கள். இன்னொரு வீட்டில், ஒல்லாந்தர் அதைக் கழற்றப் பார்த்து ஏலாமல் போனார்கள் என்றார்கள். பள்ளிக்கூடத்தில் ஒரு வாத்தியார் அதைப் பிள்ளைகளுக்கு எழுதப் போட்டாராம். நான் மறுக்கவில்லை. மறுத்தால் பொய்க்காரி ஆகிவிடுவேன். மறுக்காவிட்டால் ராணி.

அந்த நேரத்தில்தான் வசந்தி வந்தாள்.

வசந்தி என்னோடு வேலை செய்யத் தொண்டராகச் சேர்ந்தவள். வயது இருபத்திரண்டு. மலையகத்திலிருந்து வந்து இந்தப் பக்கம் வயல் கூலி வேலைக்குக் குடியேறின குடும்பம். ஒல்லியான பிள்ளை, காற்றடித்தால் சைக்கிளோடு போய்விடுவாள் போலிருப்பாள். ஆனால் ஒரு வீட்டுக்குள் போனால் அந்த வீட்டில் யார் சாப்பிடவில்லை, யார் அழுதிருக்கிறாள் என்று வெளியே வரும்போது தெரிந்துகொண்டு வருவாள். எனக்கு அது வரப் பத்து வருடம் எடுத்தது. அந்த வருடம் மருத்துவிச்சிப் பயிற்சிக்கு ஆள் எடுக்கப்போகிறார்கள் என்று கதை அடிபட்டது. தொண்டர் வேலையில் தொடர்ந்து நின்றால் அவளுக்கு நான் சிபாரிசு எழுதலாம். இடையில் நின்றால் எழுத ஏலாது. அவளுக்கு வேறு ஒரு கதவும் திறந்திருக்கவில்லை.

அவளுடைய தகப்பன் பயந்த மனிதர். பற்றைக்காட்டு றோட்டில் மகள் தனியே போவது அவருக்குப் பிடிக்கவில்லை. பயப்படக் காரணமும் இருந்தது. மோட்டார்சைக்கிளில் ஒருவன் திரிந்தான். சைக்கிளில் போகிற பெண்களோடு பக்கத்தில் பக்கத்தில் ஓடுவான், கதை கொடுப்பான், கரியரைப் பிடித்து இழுப்பான். ஆர் என்று எல்லோருக்கும் தெரியும். ஆரும் கேட்கவில்லை.

நான் தகப்பனிடம் போனேன். என் இடுப்புச் சங்கிலியைக் கழற்றி வசந்தியின் இடுப்பில் கட்டினேன். “இதைக் கட்டினவளை இந்த ஊரில ஒருத்தனும் தொடமாட்டான் ஐயா. நான் பொறுப்பு” என்றேன். அவர் என் முகத்தைப் பார்த்தார், சங்கிலியைப் பார்த்தார், தலையாட்டினார்.

என்னுடைய பணிக்காலத்தில் நான் செய்த மிகப் பெரிய மடைத்தனம் அதுதான். மருந்து மாறிக் கொடுத்ததைக்கூட நான் இவ்வளவு வெட்கத்தோடு சொல்லமாட்டேன்.

ஒன்றைக் கவனியுங்கள். எனக்கு ஒரு சுற்றுக்குச் சரியாக இருந்த சங்கிலி அவளுடைய ஒல்லி இடுப்புக்கு மிஞ்சிவிட்டது. இடுப்போடு இறுக்கிப் பூட்டினால் மிச்சம் ஒரு முழத்துக்கு மேல் வால் மாதிரித் தொங்கியது. நான் அதைப் பார்த்துச் சிரித்தேன். “ராணிக்கு வால் முளைச்சிருக்கு” என்றேன். அவளும் சிரித்தாள். இரண்டு மாதம் அதோடு வேலை செய்தாள். பயம் தெளிந்து, தனியே மறிச்சுக்கட்டி வரை போய் வந்தாள். நான் பெருமையாக எல்லோருக்கும் சொன்னேன்.

அன்று காலை பத்து மணிக்கு இன்னும் ஐந்து பத்து நிமிடம் இருக்கும். நிஸா என்றொரு பிள்ளைத்தாச்சி, எட்டு மாதம், முதற்பிள்ளை. மறிச்சுக்கட்டி றோட்டில் வீடு. பத்து மணிக்கு நிறை பார்க்க வருகிறேன் என்று வசந்தி அவளுக்குச் சொல்லியிருந்தாள். போகிற வழியில், பற்றைக்காட்டு வளைவில், அந்த மோட்டார்சைக்கிள் பின்னால் வந்தது.

“ராணி, திறப்பு எங்க?” என்று கேட்டானாம்.

அவள் வேகமாக மிதித்தாள். அவன் பக்கத்தில் வந்து, தொங்கின வாலை எட்டிப் பிடித்தான். பிடித்து, நழுவாமலிருக்கக் கையில் இரண்டு சுற்றுச் சுற்றிக்கொண்டான்.

கரியரைப் பிடித்திருந்தால் சைக்கிளை விட்டுவிட்டு ஓடியிருப்பாள். துப்பட்டாவைப் பிடித்திருந்தால் துப்பட்டா கையோடு போயிருக்கும். உடுப்பைப் பிடித்திருந்தாலும் பையில் கத்தரிக்கோல் இருந்தது, நான் கொடுத்தது. இரும்பை எந்தக் கத்தரிக்கோலால் வெட்டுவது? அவளைப் பிடிப்பதற்கு அவனுக்கு ஒரு கைபிடி வேண்டியிருந்தது. அதை அவளுடைய இடுப்பில் பூட்டிவிட்டவள் நான்.

அவன் இழுத்தான். அவள் விழுந்தாள். விழுகிற பாரத்தில் அவனுடைய மோட்டார்சைக்கிளும் சரிந்து, இரண்டு வாகனமும் ஒன்றன்மேல் ஒன்று கிடந்தன. சங்கிலி புகைக்குழாய்க்கும் மிதிகட்டைக்கும் நடுவில் போய் இறுகிவிட்டது. ஒரு முனையில் அவளுடைய இடுப்பு. மறு முனையில் சுற்றிக் கட்டின அவனுடைய கை. அவனுக்கும் எடுக்க ஏலவில்லை. குழாய் சுடுகிறது.

இதற்குப் பிறகு நடந்ததைத்தான் நீங்கள் எல்லோரும் அறிந்திருக்கிறீர்கள். வசந்தி எழும்பி இருந்து, திறப்பைக் கழுத்திலிருந்து எடுத்து, அவனுக்குக் காட்டி, “திறக்க மாட்டன்” என்று சொன்னாள். அவன் கெஞ்சினான். அவள் அசையவில்லை. கள்ளனைக் கச்சையால் கட்டிப்போட்ட ராணி. இப்படித்தான் கதை ஊர் சுற்றி, உங்கள் கண்ணாடிப் பெட்டி வரைக்கும் வந்திருக்கிறது.

கிட்டத்தட்ட அரை மணித்தியாலம் அவள் அந்த நிலையில் இருந்தாள். அந்த றோட்டால் ஒருவரும் வரவில்லை. வந்தது நிஸா. வயிற்றைத் தள்ளிக்கொண்டு, குடையைப் பிடித்துக்கொண்டு, வெயிலில் நடந்து வந்தாள். காப்பாற்ற வரவில்லை. ஏச வந்தாள். பத்து மணிக்கென்று சொன்னவளைக் காணவில்லை, அடுப்பில் சோற்றை இறக்கிவைத்துவிட்டுக் காத்திருந்து காத்திருந்து கோபம் வந்து, றோட்டில் எங்கேயோ நின்று கதை அடிக்கிறாள் என்று நினைத்துக்கொண்டு வந்தாள்.

கண்டதும் அவள் கத்தவில்லை. முதலில் மோட்டார்சைக்கிள் திறப்பைக் கழற்றி முள்ளுப்பற்றைக்குள் எறிந்தாள். குடையைச் சுருக்கினாள். பிறகு அவனிடம், “என்ட பிள்ளைக்கு நிறை பாக்கிற நேரம் இது. உனக்கு வேற நேரம் கிடைக்கல்லையா?” என்று கேட்டாளாம். குடை எத்தனை தரம் உயர்ந்து இறங்கியது என்பதில் ஆளுக்கொரு கணக்கு. ஒன்று மட்டும் தெரியும், அந்தக் குடை பிறகு விரியவில்லை.

அவள் திரும்பி நடந்துபோய் வயலில் நின்றவர்களைக் கூட்டிவந்தாள். உழவு மெசின் வந்தது, மோட்டார்சைக்கிளைத் தூக்கினார்கள், அவனைப் பொலிசில் கொடுத்தார்கள். சங்கிலியோடு வசந்தியைச் சந்தியில் உள்ள சைக்கிள் கடைக்குக் கூட்டிப்போய், ஊரே பார்த்துக்கொண்டு நிற்க, இரும்பறுக்கும் வாளால் இடுப்பில் வைத்து அறுத்தார்கள். வாங்கில் இருந்த அதே ஆம்பிளைகள் எழும்பி வந்து வட்டமாக நின்றார்கள். நான் போய்ச் சேர்ந்தபோது அவள் கண்ணை மூடிக்கொண்டு நின்றாள். நான் அத்தனை பேரையும் கலைத்தேன். என்ன சொல்லிக் கலைத்தேன் என்பதைத் தாழ்வுபாட்டு மனுசியிடம் கற்றிருந்தேன்.

கிளினிக் அறைக்குள் மருந்து பூசும்போது பார்த்தேன். இடுப்பைச் சுற்றி ஒவ்வொரு வளையமாகக் கன்றிப் போயிருந்தது. நான் தைரியம் சொல்லவேண்டும் என்று நினைத்து, “கெட்டிக்காரி. திறக்காம வச்சிருந்தாயே” என்றேன்.

அவள் சுவரைப் பார்த்துக்கொண்டு சொன்னாள். “நான் திறக்காம இருக்கேல்ல மிஸி. திறபடேல்ல.”

விழுந்த உடனே திறப்பை எடுத்துப் பூட்டுக்குள் போட்டிருக்கிறாள். திரும்பவில்லை. உப்புக் காற்றில் பூட்டு உள்ளே துருப்பிடித்திருந்தது. நான் ஒருநாளும் அதற்கு எண்ணெய் விட்டதில்லை. எனக்குக் கொஞ்சம் ஆட்டித் திறக்கும் பக்குவம் தெரியும், அவளுக்குச் சொல்லிக் கொடுக்கவில்லை. இரண்டு தரம் முயற்சி செய்தபோது, அவன் தன்னைப் பார்ப்பதைக் கண்டாள். திறபடாது என்று அவனுக்குத் தெரிந்தால் முடிந்தது. உடனே திறப்பை வெளியே எடுத்து, கையில் பொத்திக்கொண்டு, “திறக்க மாட்டன்” என்றாள். அந்த அரை மணித்தியாலமும் அவன் கை எப்போது உருவுப்படும் என்று பார்த்துக்கொண்டு இருந்தாள். திறப்பின் பல்லு உள்ளங்கையில் பதிந்திருந்தது.

கெட்டித்தனம் அதுதான். அவளுடையது. சங்கிலிக்கும் அதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை.

பின்னேரம் ஊர் மண்டபத்தில் ஆட்கள் கூடினார்கள். பொலிசில் முறைப்பாடு வேண்டாம், சமாதானமாகப் போகலாம் என்றார் ஒரு பெரியவர். பிள்ளை என்ன உடுப்பில் போனது என்று கேட்டார் இன்னொருவர். பஞ்சாபிச் சுடிதார் உடுத்திருந்தாள், கழுத்திலிருந்து கணுக்கால் வரை மூடி. ஆனால் நான் அதைச் சொல்லவில்லை. அதைச் சொன்னால் அந்தக் கேள்விக்கு மரியாதை கொடுத்ததாகிவிடும்.

“அவன் என்ன உடுத்திருந்தவன் எண்டு ஆரும் கேக்கேல்லையே?” என்றேன். “கேட்டு எழுதுங்கோ. இனிமேல் அந்த உடுப்புப் போட்ட ஆம்பிளையளை றோட்டில விடவேண்டாம்.”

முறைப்பாடு அப்படியே நிலைத்தது. அது பெரிய வெற்றி என்று நினைத்துக்கொண்டு வசந்தி வீட்டுக்குப் போனேன்.

அவளுடைய சைக்கிள் வாசல் தூணோடு சேர்த்துப் பூட்டப்பட்டிருந்தது. புது ஆமைப்பூட்டு. திறப்பு தகப்பனின் மடியில். வசந்தி உள்ளே இருந்தாள், வெளியே வரவில்லை. பயிற்சிக்கு விண்ணப்பம் அனுப்ப இன்னும் இரண்டு கிழமை இருந்தது.

தகப்பன் என்னை ஏசவில்லை. கதிரை எடுத்துப் போட்டார். “நீங்க சொன்னத நம்பித்தானே மிஸி அனுப்புனேன்” என்றார்.

எனக்கு நிறையப் பேசத் தெரியும் என்று உங்களுக்குத் தெரியும். அன்று அந்தப் பேச்சு எதுவும் உதவாது. கடைசியில் உண்மையைச் சொன்னேன். அல்லிராணிக்கு அப்படி ஒரு கச்சை கிடையாது, கடை வாங்கில் இருந்தவர்களின் வாயை மூட நான் கட்டின கதை அது, சங்கிலி சைக்கிள் பூட்டுகிற சங்கிலி, பூட்டுக்கு எண்ணெய் விடாதவள் நான். வாசலில் அயலவர்கள் கேட்டுக்கொண்டு நின்றார்கள். எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னேன். ஒருத்தி, அப்படியென்றால் ஏழு உலோகம் என்றதும் பொய்யா என்று கேட்டாள். ஓம், அதுவும் பொய் என்றேன். அவளுக்கு என்னில் பெரிய ஏமாற்றம்.

தகப்பன் கேட்டார். “இனிமே எந்தப் பூட்டக் குடுப்பீங்க?”

“பூட்டு இல்லை ஐயா. நிஸாதான்.”

அவருக்கு விளங்கவில்லை. நான் விளக்கினேன். பிள்ளையைக் காப்பாற்றினது பத்து மணிக்கு ஒருத்தி அவளுக்காகக் காத்திருந்தது. வராதபோது அவளுக்குக் கோபம் வந்தது. இனிமேல் ஒவ்வொரு நாளும் எந்த வீடு, எத்தனை மணி, எந்த வழி என்று எழுதிவைத்துப் போகவேண்டும். ஒவ்வொரு வீட்டுக்கும் நேரம் தெரியவேண்டும். கால்மணி பிந்தினால் அந்த வீட்டு ஆள் றோட்டுக்கு வரவேண்டும். சிக்னல் உள்ள வீட்டில் பத்து மணிக்கு நிற்கவேண்டும். நான் போன் எடுத்து, எங்கே நிற்கிறாய் என்று கேட்டு, உடனே அவருக்கும் போனில் சொல்வேன்.

“நீங்க மறந்துட்டா?”

“மறந்தா என்ர கிளினிக் வாசலில வந்து நிண்டு கத்துங்கோ.”

அவர் மடியிலிருந்து திறப்பை எடுத்தார். பூட்டைத் திறந்தார். அந்தப் பூட்டு சத்தமில்லாமல் திறபட்டது. எண்ணெய் விட்டிருந்தார் போல.

நான் ஒழுங்காக நடந்தேன் என்று நினைக்காதீர்கள். நாலாவது கிழமை, தடுப்பூசி நாள், குழந்தைகளின் கத்தலுக்குள் நான் நேரம் பார்க்கவில்லை. வாசலில் ஒரு சைக்கிள் வந்து விழுந்த சத்தம் கேட்டது. வசந்தியின் தகப்பன். வயலிலிருந்து அப்படியே வந்திருந்தார், கால் முழுக்கச் சேறு, மூச்சு வாங்குகிறது. அத்தனை தாய்மாருக்கு முன்னால், அந்தப் பயந்த மனிதர், என்னைப் பார்த்துக் கத்தினார்.

“மணி பத்தர, மிஸி!”

நான் ஊசியைக் கீழே வைத்துவிட்டுப் போனை எடுத்தேன். வசந்தி நிஸா வீட்டில் நின்றாள். நிஸாவின் குழந்தைக்கு நிறை பார்த்துக்கொண்டிருந்தாளாம். அவர் கேட்கும்படி போனை உரத்து வைத்தேன். மகளின் குரலைக் கேட்டதும் தலையாட்டிவிட்டு, சைக்கிளை நிமிர்த்தி ஏறிப் போய்விட்டார். அதற்குப் பிறகு நான் ஒருநாளும் மறக்கவில்லை.

இப்போது உங்களிடம் வருகிறேன். விழாவன்று பின்பக்கம் தேத்தண்ணி குடிக்கும்போது நீங்கள் குசுகுசுத்ததெல்லாம் என் காதில் விழுந்தது. எனக்கு முழங்கால்தான் பிழை, காது சரி. உங்கள் மேற்பார்வை மிஸி ஒவ்வொரு நாளும் பத்து மணிக்குப் போன் எடுத்து “எங்க நிக்கிறீர்?” என்று கேட்பது உங்களுக்குத் தொல்லையாம். நம்பிக்கை இல்லாமல் வேவு பார்க்கிறாராம். ஒருத்தி அந்த நேரத்தில் போனை நிறுத்தி வைக்கிறாளாம். என்னோடு போட்டோ எடுத்த அதே பிள்ளை.

உங்கள் மேற்பார்வை மிஸியின் உள்ளங்கையை ஒருநாள் பாருங்கள். வலது கை. திறப்பின் பல்லு மூன்று, இன்னும் வெள்ளையாகத் தெரியும். இதை எழுதட்டுமா என்று வசந்தியிடம் கேட்டேன். “எழுதுங்கோ மிஸி, ஆனா ராணி எண்டு மட்டும் எழுதாதேங்கோ” என்றாள்.

கண்ணாடிப் பெட்டியில் கிடப்பது கடையில் வாங்கின புதுச் சங்கிலி. உண்மையான சங்கிலி அறுபட்டு இரண்டு துண்டாக என் வீட்டு அலுமாரிக்குப் பின்னால் கிடக்கிறது. அது வேண்டாம். அந்தப் பெட்டிக்குள் எதையாவது வைத்தே ஆகவேண்டும் என்றால், நிஸாவிடம் கேட்டு அந்த விரியாத குடையை வாங்கி வையுங்கள். அட்டையில் நேரத்தை மட்டும் எழுதுங்கள், பத்து மணி என்று.

நாளைக்கும் போன் வரும். எடுங்கள்.